எஞ்சியவை யாருக்குச் சொந்தம்? கணினியிலிருந்து ஒரு விளையாட்டை முழுமையாக நீக்குவது பற்றி

கணினியில் இடம் போதவில்லை என்றால் பலர் முதலில் கை வைப்பது விளையாட்டுகள் மீதுதான். 'பால்டர்ஸ் கேட் 3' ஒன்றுக்கே 150 ஜிபி இடம் வேண்டும். 'கால் ஆஃப் டியூட்டி' வரிசையில் எல்லாப் பகுதிகளையும் சேர்த்து இறக்கினால் 200 ஜிபியைத் தாண்டிவிடும். 512 ஜிபி எஸ்எஸ்டி உள்ள மடிக்கணினியில் இப்படி இரண்டு இருந்தால் மற்ற வேலைகளுக்கு இடம் தேட வேண்டியதுதான். ஆகவே செட்டிங்ஸைத் திறந்து, பட்டியலில் பெயரைத் தேடி, அன்இன்ஸ்டால் பொத்தானை அழுத்துகிறோம். ஓரிரு நிமிடங்களில் பெயர் மறைகிறது. விளையாட்டு போய்விட்டது என்று நம்பிவிடுகிறோம்.

பெரும்பாலும் முழுதாகப் போயிருக்காது. சேவ் கோப்புகள், அமைப்புக் குறிப்புகள், ரெஜிஸ்ட்ரியில் சில வரிகள், ஃபயர்வாலில் ஓர் அனுமதி, சில வேளைகளில் கணினியின் அடியாழத்தில் ஓடும் ஒரு டிரைவர் என்று ஏதாவது எஞ்சியிருக்கும். இதை எப்படிப் பார்ப்பது என்பதில் இரண்டு கட்சிகள் உண்டு. எஞ்சியதெல்லாம் குப்பை, ஒன்று விடாமல் தேடி அழிக்க வேண்டும் என்பது ஒரு கட்சி. பொத்தானை அழுத்தியாயிற்று, மிச்சம் இருந்தால் என்ன கெட்டுவிட்டது என்பது இன்னொரு கட்சி.

இரண்டுமே எஞ்சிய பொருள்களை ஒரே குவியலாகப் பார்க்கின்றன. அந்தக் குவியலில் மூன்று வகை இருக்கிறது: விளையாட்டுக்குச் சொந்தமானவை, விளையாடியவருக்குச் சொந்தமானவை, கணினிக்கே பொதுவானவை. முதல் வகையை விளையாட்டே சுத்தமாக எடுத்துச் செல்ல வேண்டும். இரண்டாம் வகையை உரிமையாளரைக் கேட்காமல் தொடக் கூடாது. மூன்றாம் வகையை, வேறு யாருக்கும் தேவையில்லை என்று உறுதியானால் மட்டுமே எடுக்கலாம். கடந்த முப்பது ஆண்டுகளில் இந்தத் துறையில் நேர்ந்த பெரிய விபத்துகளும் சண்டைகளும் இந்த வகைகளைக் குழப்பிக்கொண்டதால் வந்தவை என்பதே இக்கட்டுரையின் முடிபு.

ஒரே ஃபோல்டரில் அடங்கிய காலம்

டாஸ் காலத்தில் இந்தக் கேள்விக்கே இடமில்லை. 1993-இல் வெளிவந்த 'டூம்' தன் ஃபோல்டருக்குள்ளேயே எல்லாவற்றையும் வைத்துக்கொண்டது. வரைபடங்களும் ஒலியும் அங்கேதான். விசைகளின் அமைப்பும் சேவ் கோப்புகளும் அங்கேதான். அதே ஆண்டு வந்த எம்எஸ்-டாஸ் 6.0-இல் 'டெல்ட்ரீ' என்ற கட்டளை இருந்தது. அதை அடித்து ஃபோல்டரின் பெயரைச் சொன்னால், உள்ளிருக்கும் அத்தனையும் அழிந்துவிடும். நீக்கம் முழுமையானது. ஆனால் சேவ் கோப்பும் சேர்ந்தே போகும். நினைவில் கொண்டு முன்பே நகல் எடுத்தவர் தப்பித்தார்.

விண்டோஸ் பரவியபோது இந்த ஒழுங்கு கலைந்தது. பல நிரல்கள் ஒரே டிஎல்எல் கோப்பைப் பகிர்ந்துகொண்டன. அத்தகைய பொதுக் கோப்புகள் விண்டோஸின் சொந்த ஃபோல்டருக்குள் போய் உட்கார்ந்தன. 1995 ஆகஸ்டில் வந்த விண்டோஸ் 95, அமைப்புக் குறிப்புகளுக்கு ரெஜிஸ்ட்ரி என்ற மையக் களஞ்சியத்தை முன்னிறுத்தியது. கண்ட்ரோல் பேனலில் நிரல்களைச் சேர்க்கவும் நீக்கவும் தனிப் பகுதியும் வந்தது. இன்று செட்டிங்ஸில் நாம் பார்க்கும் பட்டியல் அதன் வாரிசுதான்.

அந்தப் பட்டியல் வேலை செய்யும் விதத்தைப் புரிந்துகொண்டால் பாதிச் சிக்கல் விளங்கிவிடும். பட்டியலில் உள்ள வழக்கமான நிரல்களை விண்டோஸ் தானாக நீக்குவதில்லை. ரெஜிஸ்ட்ரியில் ஒவ்வொரு நிரலின் பெயருக்குக் கீழும் ஒரு கட்டளை வரி எழுதியிருக்கும். நாம் பொத்தானை அழுத்தும்போது விண்டோஸ் அந்த வரியை இயக்குகிறது, அவ்வளவுதான். நீக்கும் வேலை முழுவதும் அந்த விளையாட்டை உருவாக்கியவர் எழுதிய அன்இன்ஸ்டாலரின் கையில் இருக்கிறது. அது கவனமாக எழுதப்பட்டிருந்தால் நீக்கமும் கவனமாக நடக்கும். அது அசட்டையாக எழுதப்பட்டிருந்தால் விண்டோஸ் குறுக்கே வந்து தடுக்காது.

இந்த அன்இன்ஸ்டாலர்களில் பல, நிறுவும்போது எழுதிவைத்த பதிவேட்டை நம்பி இயங்குகின்றன. 1997 முதல் புழக்கத்தில் உள்ள 'இன்னோ செட்டப்' என்ற கருவி இதற்கு நல்ல எடுத்துக்காட்டு. அதைக் கொண்டு நிறுவிய நிரலின் ஃபோல்டரைத் திறந்தால், அன்இன்ஸ்டாலருக்குப் பக்கத்திலேயே அதே பெயரில் ஒரு தரவுக் கோப்பு இருக்கும். எந்தக் கோப்பு எங்கே வைக்கப்பட்டது, ரெஜிஸ்ட்ரியில் எந்த வரி எழுதப்பட்டது என்பதெல்லாம் அதில் பதிவாகியிருக்கும். நீக்கும்போது அந்தப் பதிவைக் கடைசியிலிருந்து முதல் நோக்கிப் படித்து, செய்ததை ஒவ்வொன்றாகத் திருப்புகிறது.

இதில் ஓர் எல்லை உண்டு. நிறுவும் நேரத்தில் வைத்தவை மட்டுமே பதிவேட்டில் இருக்கும். அதன்பின் விளையாடும்போது விளையாட்டு தானாக உண்டாக்கியவை அதில் ஏறுவதில்லை. நீக்கிய பிறகு எஞ்சுவதில் பெரும்பகுதி இந்த இடைவெளியில் பிறந்ததுதான்.

எஞ்சுபவை எங்கே இருக்கின்றன

ஒரு விளையாட்டை அருகில் வைத்துப் பார்க்கலாம். ஆஸ்திரேலியாவின் அடிலெய்டு நகரில் இயங்கும் 'டீம் செர்ரி' என்ற சிறு குழு 2017-இல் வெளியிட்ட 'ஹாலோ நைட்', 'யூனிட்டி' என்ற எஞ்சினில் செய்யப்பட்டது. 'ஸ்டீம்' என்ற இணைய விளையாட்டுக் கடையில் வாங்கி நிறுவினால் அதன் கோப்புகள் 'ஸ்டீம்ஆப்ஸ்' ஃபோல்டருக்குள் உள்ள 'காமன்' பகுதியில் இறங்குகின்றன. அதற்கான சிறு பதிவுக் கோப்பு ஒன்றை ஸ்டீம் வெளியே வைத்துக்கொள்கிறது. அன்இன்ஸ்டால் கொடுத்தால் ஸ்டீம் தான் இறக்கிய கோப்புகளையும் அந்தப் பதிவையும் அழித்துவிடும்.

நீங்கள் பல வாரம் விளையாடிச் சேர்த்த முன்னேற்றம் அங்கே இல்லை. பயனர் ஃபோல்டருக்குள் மறைந்திருக்கும் 'ஆப்டேட்டா', அதற்குள் 'லோக்கல்லோ', அதற்குள் குழுவின் பெயர், அதற்குள் விளையாட்டின் பெயர் என்று நான்கு படி இறங்கினால் நான்கு சேவ் இடங்களுக்கான கோப்புகள் கிடைக்கும். விளையாட்டு ஓடும்போது எழுதிய நிகழ்வுப் பதிவும் அங்கேயே இருக்கும். திரையின் அகலம், உயரம் போன்ற அமைப்புகளை யூனிட்டி ரெஜிஸ்ட்ரியில் அதே பெயர்களின் கீழ் எழுதியிருக்கும். எல்லாம் சேர்த்தாலும் சேவ் கோப்புகளின் எடை விளையாட்டின் எடைக்கு முன்னால் ஒன்றுமே இல்லை. ஆனால் ஆடியவருக்கு அதுதான் முழு விளையாட்டும்.

மற்ற விளையாட்டுகளும் தத்தம் வழக்கப்படி வேறு வேறு இடம் தேடிக்கொண்டிருக்கின்றன. 'அன்ரியல்' எஞ்சினில் செய்தவை பெரும்பாலும் ஆப்டேட்டாவின் 'லோக்கல்' பகுதியில் எழுதுகின்றன. 'மைன்கிராஃப்ட்' ஜாவா பதிப்பின் உலகங்கள் 'ரோமிங்' பகுதியில் இருக்கும். 'ஸ்கைரிம்' போன்றவை டாக்குமென்ட்ஸுக்குள் 'மை கேம்ஸ்' என்ற ஃபோல்டரில் சேமிக்கின்றன. விண்டோஸ் விஸ்டாவிலிருந்து 'சேவ்டு கேம்ஸ்' என்று இதற்கென்றே ஓர் இடத்தை மைக்ரோசாஃப்ட் ஒதுக்கியிருக்கிறது. அதை மதித்து நடக்கும் விளையாட்டுகள் குறைவு. எல்லாப் பயனர்களுக்கும் பொதுவான 'புரோகிராம்டேட்டா'வையும் சில பயன்படுத்துகின்றன.

இடத்தை உண்மையில் அடைத்துக்கொள்பவை வேறு. ஸ்டீம் வொர்க்‌ஷாப்பில் இறக்கிய மாட்கள் (ஆடுபவர்களே செய்து பகிரும் மாற்றங்கள்), முன்கூட்டித் தொகுத்துவைத்த ஷேடர் கோப்புகள், கிராஃபிக்ஸ் டிரைவர் தன் பங்குக்குச் சேர்த்த ஷேடர் சேமிப்பு ஆகியவை ஜிபி கணக்கில் வளரக்கூடியவை. இவை திரும்ப உண்டாக்கிக்கொள்ளக்கூடியவை என்பதால் அழிப்பதில் இழப்பு எதுவும் இல்லை.

கைமுறையாகச் சேர்த்த மாட்கள் தனிச் சிக்கல். ஸ்கைரிமின் தரவு ஃபோல்டருக்குள் நாமே கொண்டுபோய் வைத்த மாட் கோப்புகளை ஸ்டீம் தன்னுடையவை என்று கருதுவதில்லை. நீக்கிய பிறகும் அவை அங்கேயே கிடக்கும். விளையாட்டு உடைந்துபோனது என்று நீக்கி, மறுபடி நிறுவினால், பழைய மாட்கள் புதிய கோப்புகளோடு சேர்ந்துகொண்டு அதே கோளாறு திரும்ப வரும். முழுமையாக நீக்குவது உண்மையிலேயே தேவைப்படும் இடம் இதுதான். இடத்தை மீட்பதற்காக நீக்குபவருக்கு எஞ்சிய சில கேபி ஒரு பொருட்டில்லை. கோளாறைத் தீர்க்க நீக்குபவருக்கோ எஞ்சிய ஒற்றைக் கோப்பே காரணமாக இருக்கலாம்.

அளவுக்கு மீறி அழித்த நிகழ்வுகள்

அன்இன்ஸ்டாலர்கள் ஏன் இவ்வளவு தயங்கித் தயங்கி அழிக்கின்றன என்று கேட்பவர்கள், தயங்காமல் அழித்தவற்றின் கதையையும் தெரிந்துகொள்ள வேண்டும்.

1998 டிசம்பர் இறுதியில் சிகாகோவின் 'பங்கி' நிறுவனம் 'மித் 2: சோல்பிளைட்டர்' என்ற விளையாட்டை வெளியிட்டது. அதன் அன்இன்ஸ்டாலர், விளையாட்டு நிறுவப்பட்ட ஃபோல்டரை அப்படியே மொத்தமாக அழித்தது. வழக்கமான இடத்தில் நிறுவியவருக்குப் பாதகம் இல்லை. யாராவது தனி ஃபோல்டர் இல்லாமல் டிரைவின் உச்சியிலேயே நிறுவியிருந்தால், அந்த டிரைவில் இருந்த அத்தனையும் போய்விடும். பிழை தெரியவந்ததும் பங்கி ஏறத்தாழ 2 லட்சம் பிரதிகளைத் திரும்பப் பெற்றது. சிறு நிறுவனம் ஒன்றுக்கு அது பெரும் அடி. இருந்தும் வாங்கியவர்களின் கோப்புகளைக் காப்பதே முதல் கடமை என்று முடிவெடுத்ததற்காக அந்நிறுவனத்தைப் பாராட்ட வேண்டும்.

2001-இல் 'ஸ்டார்ம்ஃபிரண்ட்' உருவாக்கி 'யுபிசாஃப்ட்' வெளியிட்ட 'பூல் ஆஃப் ரேடியன்ஸ்: ரூயின்ஸ் ஆஃப் மித் டிரானர்' விளையாட்டின் முதல் பதிப்பை நீக்கும்போது விண்டோஸின் சொந்தக் கோப்புகளே அழியக்கூடும் என்பது தெரியவந்து, திருத்தம் வெளியிட வேண்டியதாயிற்று. 2007 டிசம்பரில் ஐஸ்லாந்தின் 'சிசிபி' நிறுவனம் 'ஈவ் ஆன்லைன்' விளையாட்டுக்கு 'டிரினிட்டி' என்ற புதுப்பிப்பை அனுப்பியது. விளையாட்டின் ஃபோல்டரில் இருந்த 'பூட்' என்ற பெயருடைய பழைய கோப்பை அழிப்பது அதன் நோக்கங்களில் ஒன்று. பாதை தவறாக எழுதப்பட்டதால், டிரைவின் உச்சியில் அதே பெயரில் விண்டோஸ் எக்ஸ்பி வைத்திருந்த தொடக்கக் கோப்பு அழிந்தது. சிலருடைய கணினி மறுநாள் எழவே இல்லை.

இவற்றில் மிகவும் கற்றுக்கொள்ளத்தக்கது 2015 ஜனவரியில் லினக்ஸ் ஸ்டீமில் வெளிவந்த பிழை. அதன் தொடக்க நிரல், முதலில் ஸ்டீம் எந்த ஃபோல்டரில் இருக்கிறது என்று கண்டுபிடித்து ஒரு மாறியில் வைத்துக்கொள்ளும். பின்னால் ஓரிடத்தில் அந்த மாறி காட்டும் ஃபோல்டருக்குள் உள்ள அனைத்தையும் கேள்வி கேட்காமல் அழிக்கும் வரி இருந்தது. பாதிக்கப்பட்ட பயனர் ஒருவர் தன் ஸ்டீம் ஃபோல்டரை வேறு டிரைவுக்கு நகர்த்தியிருந்தார். ஃபோல்டரைக் கண்டுபிடிக்கும் முயற்சி தோற்று, மாறி காலியாக நின்றது. காலியான பெயருக்குப் பின் வந்த சாய்வுக்கோடு, கணினியின் வேரையே குறித்தது. பயனர் தொட அனுமதியுள்ள எல்லாக் கோப்புகளும், இணைத்திருந்த காப்பு டிரைவில் இருந்தவை உட்பட, அழிந்தன. எழுதியவர் அந்த வரிக்கு மேலேயே பயமாக இருக்கிறது என்ற பொருளில் ஒற்றைச் சொல் குறிப்பு வைத்திருந்தார். ஆபத்து தெரிந்தே இருந்தது. மாறி காலியாக இருக்கிறதா என்று பார்க்கும் ஒரு வரிதான் இல்லாமல் போனது. ஸ்டீமை நடத்தும் 'வால்வ்' நிறுவனம் பிறகு அதைச் சரிசெய்தது.

நான்கு நிகழ்வுகளுக்கும் பொதுவான வேர் ஒன்றுண்டு. இந்த ஃபோல்டருக்குள் இருப்பதெல்லாம் என்னுடையது என்று நிரல் எடுத்துக்கொண்டது. அல்லது இந்தப் பெயருள்ள கோப்பு என்னுடையதுதான் என்று எடுத்துக்கொண்டது. இன்னோ செட்டப்பின் கையேடு இதைத்தான் கடுமையாக எச்சரிக்கிறது. நிரலின் ஃபோல்டரில் உள்ள அனைத்தையும் மொத்தமாக அழிக்கும்படி எழுதாதீர்கள். பயனர் அங்கே தன் கோப்புகளை வைத்திருக்கலாம், தவறான ஃபோல்டரிலும் நிறுவியிருக்கலாம் என்று அது காரணம் சொல்கிறது. ஆகவே சேவ் கோப்பு எஞ்சுவதைச் சோம்பேறித்தனம் என்று ஒதுக்கிவிட முடியாது. பெரும்பாலும் அது பொறுப்புணர்வின் விளைவு. அங்கே குறை என்னவென்றால், எஞ்சியிருக்கிறது என்பதையும் எங்கே இருக்கிறது என்பதையும் பயனருக்குச் சொல்லாததுதான்.

போகாமல் நிற்கும் டிரைவர்கள்

அடுத்த வகையில் இந்தப் பரிவுக்கு இடமில்லை. கெர்னல் என்பது கணினியின் அதிகாரம் எல்லாம் குவிந்த அடுக்கு. அங்கே ஓடும் டிரைவர் எந்தக் கோப்பையும் படிக்கலாம், எந்த நிரலையும் நிறுத்தலாம். திருட்டுப் பிரதியைத் தடுக்கவும், போட்டி ஆட்டங்களில் மோசடியைத் தடுக்கவும் விளையாட்டு நிறுவனங்கள் அங்கே டிரைவர்களை வைத்திருக்கின்றன.

2000-களில் ரஷ்யாவின் 'ஸ்டார்ஃபோர்ஸ்' பாதுகாப்பு நிறுவிய டிரைவர், விளையாட்டை நீக்கிய பிறகும் எஞ்சியது. அதை எடுப்பதற்குத் தனிக் கருவி தேவைப்பட்டது. எதிர்ப்பு வலுத்து, 2006-இல் யுபிசாஃப்ட் அதைக் கைவிட்டது. 2008 செப்டம்பரில் 'எலக்ட்ரானிக் ஆர்ட்ஸ்' வெளியிட்ட 'ஸ்போர்' விளையாட்டோடு 'செக்யூராம்' என்ற பிரதித் தடுப்பு வந்தது. விளையாட்டை நீக்கினாலும் செக்யூராம் போவதில்லை, வாங்குபவருக்கு இது சொல்லப்படவும் இல்லை என்று அதே மாதம் அமெரிக்காவில் கூட்டு வழக்கு தொடுக்கப்பட்டது. மூன்று முறைதான் நிறுவலாம் என்ற வரம்பும் முதலில் இருந்தது. பின்னர் அது ஐந்தாக்கப்பட்டு, நிறுவல் உரிமையைத் திரும்பப் பெறும் கருவியும் வந்தது.

'சேஃப்டிஸ்க்' என்ற இன்னொரு பிரதித் தடுப்பின் கதை இன்னும் நீண்டது. அதன் டிரைவர் விண்டோஸ் எக்ஸ்பியோடு சேர்ந்தே வந்ததால், ஒரு விளையாட்டும் நிறுவாதவர் கணினியிலும் அது இருந்தது. 2007-இல் அதிலிருந்த ஓட்டையைத் தாக்குபவர்கள் பயன்படுத்தத் தொடங்கினார்கள். டிசம்பரில் திருத்தம் வந்தது. 2015-இல் விண்டோஸ் 10 அந்த டிரைவரை ஏற்கவே மறுத்தது. அதே ஆண்டு செப்டம்பரில் பழைய விண்டோஸ்களிலும் பாதுகாப்புப் புதுப்பிப்பு ஒன்று அதை முடக்கியது. காசு கொடுத்து வாங்கிய பழைய வட்டுகள் பல அதோடு ஓடாமல் போயின.

ஆட்ட மோசடியைத் தடுக்கும் ஆன்டி-சீட் டிரைவர்களின் காலம் இன்னும் கவனம் கோருகிறது. 2016 செப்டம்பரில் 'ஸ்ட்ரீட் ஃபைட்டர் 5'-க்கு 'கேப்காம்' அனுப்பிய டிரைவரில், எந்த நிரலும் கெர்னலுக்குள் நுழையும் அளவுக்கு ஓட்டை இருந்தது. நிறுவனம் அதை விரைந்து திரும்பப் பெற்றது. 2020 செப்டம்பரில் வந்த 'கென்ஷின் இம்பாக்ட்' விளையாட்டின் டிரைவர், விளையாட்டை மூடிய பிறகும் ஓடிக்கொண்டிருப்பதை ஆடியவர்கள் கவனித்துச் சொன்னார்கள். அதை உருவாக்கிய 'மிஹோயோ' அந்த வழக்கத்தை மாற்றியது. இரண்டு ஆண்டு கழித்து, 2022 ஆகஸ்டில், 'டிரெண்ட் மைக்ரோ' நிறுவனம் ஓர் அறிக்கை வெளியிட்டது. பணம் பறிக்கும் கும்பல் ஒன்று அதே டிரைவர் கோப்பைத் தன்னோடு எடுத்து வந்து, பாதிக்கப்பட்டவர் கணினியில் நிறுவி, வைரஸ் தடுப்பு மென்பொருளை நிறுத்தியிருந்தது. அந்தக் கணினியில் கென்ஷின் இருக்க வேண்டிய தேவையே இல்லை. டிரைவரில் இருந்த செல்லுபடியாகும் கையொப்பமே கும்பலுக்குப் போதுமானதாக இருந்தது.

'ரயட்' நிறுவனத்தின் 'வேன்கார்டு' 2020-இல் 'வேலரன்ட்' விளையாட்டோடு வந்தது. 2024-இல் 'லீக் ஆஃப் லெஜண்ட்ஸ்' விளையாட்டுக்கும் விரிந்தது. கணினி தொடங்கும்போதே இது ஓடத் தொடங்குகிறது. செட்டிங்ஸ் பட்டியலில் விளையாட்டு ஒரு பெயராகவும் வேன்கார்டு இன்னொரு பெயராகவும் நிற்கின்றன. தனிப் பெயராகத் தெரிகிறது என்பது முந்தைய தலைமுறையை விட நல்லது. ஆனாலும் விளையாட்டை நீக்கும் எல்லோரும் அந்த இரண்டாவது பெயரைத் தேடிப் போவார்கள் என்று எதிர்பார்க்க முடியாது. விளையாட்டுக்காக மட்டும் வந்த டிரைவர், கணினியில் அதைக் கேட்கும் கடைசி விளையாட்டு போகும்போது தானும் போக வேண்டும். இதில் பேரம் பேச எதுவும் இல்லை.

துப்புரவுக் கருவிகள் தரும் ஆறுதல்

இந்த எச்சங்களைக் கண்டு கவலைப்படுபவர்களுக்காக ஒரு தொழிலே வளர்ந்திருக்கிறது. 'ரேவோ' போன்ற கருவிகள் முதலில் விளையாட்டின் சொந்த அன்இன்ஸ்டாலரை ஓடவிட்டு, பிறகு அதன் பெயரோடு பொருந்தும் ஃபோல்டர்களையும் ரெஜிஸ்ட்ரி வரிகளையும் தேடிப் பட்டியலிடுகின்றன. பட்டியலைப் படித்துப் பார்த்துத் தேர்ந்தெடுப்பவருக்கு இது பயன்படும். எல்லாவற்றையும் தேர்ந்தெடு என்று கண்ணை மூடிக்கொண்டு அழுத்துபவர், தன் சேவ் கோப்புகளையும் குப்பையோடு கொட்டிவிடுவார்.

ரெஜிஸ்ட்ரி துப்புரவாளர்களைப் பற்றி மைக்ரோசாஃப்ட்டின் நிலைப்பாடு தெளிவானது: அவற்றைப் பயன்படுத்துவதைத் தாங்கள் ஆதரிப்பதில்லை என்கிறது. அனாதையாக நிற்கும் சில வரிகளால் கணினியின் வேகம் உணரத்தக்க அளவில் குறைவதில்லை. தவறான வரியை அழித்தால் வரும் சேதம் பெரிது. துப்புரவுக் கருவியே ஆபத்தாக முடிந்த நிகழ்வும் உண்டு. 2017 ஆகஸ்டில் வெளியான 'சிகிளீனர்' 5.33 பதிப்புக்குள், அதை உருவாக்கியவர்களுக்கே தெரியாமல் தாக்குபவர்கள் தீங்கு நிரலை நுழைத்திருந்தார்கள். சுமார் 22.7 லட்சம் கணினிகளில் அந்தப் பதிப்பு இருந்தது.

பொதுவான கோப்புகளிலும் இதே எச்சரிக்கை தேவை. விளையாட்டுகள் தம்மோடு 'விஷுவல் சி++', 'டைரக்ட்எக்ஸ்' போன்ற துணைத் தொகுப்புகளை நிறுவுகின்றன. பட்டியலில் விஷுவல் சி++ பல ஆண்டுப் பெயர்களோடு வரிசையாக நிற்பதைப் பார்த்து, பழையதெல்லாம் வீண் என்று நீக்குகிறவர்கள் இருக்கிறார்கள். மறுநாள் வேறொரு நிரல் திறக்க மறுக்கும். விண்டோஸ் 95 காலத்திலிருந்தே, பகிர்ந்துகொள்ளும் கோப்பை எத்தனை நிரல்கள் நம்பியிருக்கின்றன என்ற எண்ணிக்கையை ரெஜிஸ்ட்ரியில் வைக்கும் வழக்கம் உண்டு. நிறுவும்போது ஒன்று கூடும், நீக்கும்போது ஒன்று குறையும், பூஜ்யமானால் அழிக்கலாம். விளையாட்டின் ஃபோல்டரைக் கையாலேயே அழித்துவிட்டால் அந்தக் கணக்கு குறைவதில்லை. ஃபோல்டரைப் பிடித்து ரீசைக்கிள் பின்னில் போடுவதை விட அன்இன்ஸ்டாலரை ஓட்டுவதே மேல் என்பதற்கு இதுவும் ஒரு காரணம்.

பிற அமைப்புகளின் பாடம்

விண்டோஸில் இவ்வளவு சிக்கலான இந்தக் காரியத்தை மற்றவர்கள் எப்படிக் கையாளுகிறார்கள்? ஆண்ட்ராய்டில் ஒவ்வொரு செயலிக்கும் தனித் தரவுப் பகுதி உண்டு. செயலியை நீக்கினால் அந்தப் பகுதியும் அழியும். மிகச் சுத்தம், ஆனால் இணையச் சேமிப்பு இல்லாத விளையாட்டில் குழந்தை சேர்த்த முன்னேற்றமும் அதோடு போய்விடும். டாஸின் டெல்ட்ரீ புது உருவில் திரும்பி வந்திருக்கிறது என்றே சொல்லலாம். மேக் கணினியில் செயலியைக் குப்பைத்தொட்டிக்கு இழுத்துப் போடுவது எளிது. லைப்ரரி ஃபோல்டரில் அது எழுதியவை அப்படியே இருக்கும்.

இரண்டுக்கும் நடுவே நல்ல வழியைக் காட்டியிருப்பது லினக்ஸ் உலகம். டெபியனில் நீக்குவதற்கு இரண்டு தனிக் கட்டளைகள் உண்டு. ஒன்று நிரலை மட்டும் எடுத்து, அமைப்புக் கோப்புகளை விட்டுவைக்கிறது. மற்றது அவற்றையும் துடைக்கிறது. இரண்டுமே பயனரின் சொந்த ஃபோல்டரைத் தொடுவதில்லை. 'ஃபிளாட்பேக்' முறையில் நீக்கினால் பயனரின் தரவு எஞ்சும். அதையும் அழிக்க வேண்டும் என்றால் கட்டளையோடு வெளிப்படையாகச் சொல்ல வேண்டும். அழிப்பது எவ்வளவு தூரம் போக வேண்டும் என்ற முடிவு இங்கே உரிமையாளரிடம் இருக்கிறது. விண்டோஸிலும் 2018-இல் அறிமுகமான 'எம்எஸ்ஐஎக்ஸ்' தொகுப்பு முறை, நிரல் ரெஜிஸ்ட்ரியில் எழுதுவதைத் தனியே பிரித்துவைத்து, நீக்கும்போது சேர்த்து எடுத்துவிடுகிறது. தொழில்நுட்பம் கைவசம் இருக்கிறது. பெரும்பாலான விளையாட்டுகள் அதைத் தேர்ந்தெடுக்கவில்லை.

கணினிக்கு வெளியே எஞ்சுவது

கணினியைத் துடைத்தாலும் கணக்கு நிற்கும். ஸ்டீமில் விளையாட்டின் உரிமம் உங்கள் நூலகத்தில் தொடர்கிறது. கிளவுடில் சேவ் இருந்தால் அதுவும் தொடர்கிறது. புதிதாகத் தொடங்கலாம் என்று கணினியில் உள்ள சேவ் கோப்பை அழித்துவிட்டு மறுபடி நிறுவினால், கிளவுடிலிருந்து பழைய சேவ் இறங்கி வந்து வியப்பளிப்பது இதனால்தான். ஆன்லைன் விளையாட்டுகளில் பெயர், மின்னஞ்சல், செலவுக் கணக்கு, பேசிய உரையாடல் ஆகியவை நிறுவனத்தின் சர்வரில் இருக்கின்றன. அவற்றை அழிக்கக் கேட்கும் உரிமையை ஐரோப்பாவில் 2018 மே முதல் நடைமுறையில் உள்ள ஜிடிபிஆர் தருகிறது. இந்தியாவில் 2023-இல் இயற்றப்பட்ட டிஜிட்டல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டத்திலும் அந்த உரிமை இடம்பெற்றிருக்கிறது. இதற்கான கோரிக்கை தனி. அன்இன்ஸ்டால் பொத்தான் அதைச் செய்யாது.

செய்யவேண்டிய வரிசை

இத்தனையையும் வைத்துப் பார்த்தால் நடைமுறை எளிதாகவே அமைகிறது. முதலில் சேவ் கோப்புகள் எங்கே இருக்கின்றன என்று பார்த்து வேறு டிரைவில் நகல் எடுங்கள். கையால் சேர்த்த மாட்கள் இருந்தால் குறித்துக்கொள்ளுங்கள். ஆன்டி-சீட்டை எடுக்கும் கருவி விளையாட்டின் ஃபோல்டருக்குள்ளேயே இருப்பதுண்டு. 'ஈஸி ஆன்டி-சீட்' பழைய பதிப்புகளில் அப்படித்தான். அத்தகைய விளையாட்டில் அதை முதலில் நீக்கிவிடுங்கள். விளையாட்டு போன பிறகு கருவியும் கையில் இருக்காது. அடுத்து, லாஞ்சர் வழியாகவோ செட்டிங்ஸ் வழியாகவோ விளையாட்டை நீக்கி, பட்டியலில் ஆன்டி-சீட் தனிப் பெயராக நிற்கிறதா என்று பார்த்து அதையும் நீக்கி, கணினியை மறுபடி தொடங்குங்கள்.

பிறகு விளையாட்டு இருந்த ஃபோல்டர், டாக்குமென்ட்ஸ், சேவ்டு கேம்ஸ், ஆப்டேட்டாவின் மூன்று பகுதிகள், புரோகிராம்டேட்டா ஆகியவற்றில் விளையாட்டின் பெயரும் அதை உருவாக்கியவரின் பெயரும் இருக்கின்றனவா என்று பாருங்கள். நகல் கையில் இருப்பதால் இப்போது தயக்கமின்றி அழிக்கலாம். டிரைவர் எஞ்சியதா என்று அறிய, மைக்ரோசாஃப்ட்டே இலவசமாகத் தரும் 'ஆட்டோரன்ஸ்' கருவியில் டிரைவர் பகுதியைத் திறந்து பார்க்கலாம். ரெஜிஸ்ட்ரியில் எஞ்சிய சில வரிகளைக் கோளாறு இல்லாதவரை விட்டுவிடுங்கள். விஷுவல் சி++ தொகுப்புகளைத் தொடாதீர்கள்.

கேட்க வேண்டிய கேள்வி

இந்த வரிசையைப் பயனர் மனப்பாடம் செய்ய வேண்டியிருப்பதே இந்தத் துறையின் குறை. பல லட்சம் பேர் ஆடும் விளையாட்டைச் செய்யத் தெரிந்தவர்களுக்கு, அது எங்கெங்கே எழுதுகிறது என்ற பட்டியலைத் தருவது கடினமான காரியம் இல்லை. நீக்கும்போது இரண்டு வரியில் கேட்டால் போதும்: உங்கள் சேவ் கோப்புகள் இந்த இடத்தில் இருக்கின்றன, வைத்துக்கொள்ளவா, அழிக்கவா? இந்த டிரைவர் இனி எந்த விளையாட்டுக்கும் தேவையில்லை, எடுத்துவிடுகிறோம். முதலாவதில் பயனரின் பதிலுக்குக் காத்திருக்க வேண்டும். இரண்டாவதில் சொல்லிவிட்டுச் செய்துவிட வேண்டும்.

முழுமையான நீக்கம் என்பதை ஒரு பைட் கூட எஞ்சாத நிலை என்று அளந்தால், டெல்ட்ரீயும் மித் 2-வின் அன்இன்ஸ்டாலரும்தான் முதலிடம் பெறும். ஒவ்வொரு பொருளும் அதன் உரிமையாளரின் விருப்பப்படி இருக்கிறதா, போயிற்றா என்பதே சரியான அளவுகோல். நிறுவனங்களை நாம் இந்த அளவுகோலால் அளக்கத் தொடங்க வேண்டும். ஒரு விளையாட்டை வாங்கலாமா என்று முடிவெடுக்கும்போது படங்களையும் விலையையும் பார்ப்பதுபோல, அது கெர்னலில் எதையாவது வைக்கிறதா, நீக்கும்போது அதை எடுக்கிறதா என்றும் பார்ப்போம். ஸ்டார்ஃபோர்ஸ் கைவிடப்பட்டதும், ஸ்போரின் வரம்பு தளர்ந்ததும், கென்ஷினின் டிரைவர் விளையாட்டோடு நிற்கத் தொடங்கியதும், ஆடியவர்கள் கவனித்துக் கேள்வி கேட்டதால்தான்.